பேரில் பாதி அம்மா

கேள்வி வந்த நேரத்தில் கிஸ்லபெர்காவின் இரண்டு கையும் மாவுக்குள் இருந்தன. வாசலில் மடத்துச் சாமியார் ஓத்பெர்ட் மெழுகு பூசிய பலகையை மடியில் வைத்துக்கொண்டு முக்காலியில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் மணியக்காரர் வுல்ஃபார் இடுப்பில் கைவைத்து நின்றார். மடத்து நிலத்தில் எத்தனை அடுப்பு எரிகிறது, ஒவ்வோர் அடுப்பிலும் யார் யார், அவர்களில் யார் குடி, யார் அடிமை என்று ஒன்றுவிடாமல் எழுதச் சொல்லி மடத்துத் தலைவர் உத்தரவு போட்டிருந்தார். காலையிலிருந்து பதினாறு அடுப்பு முடித்து, களைத்துப்போய் இங்கே வந்திருந்தார்கள்.

"ஓம் பேரு என்ன, மகளே?"

"கிஸ்லபெர்கா, சாமி."

"அப்பா?"

"கிஸ்லமாரு. செத்துப்போயிட்டாரு."

"அம்மா?"

"தியோத்லிந்தா. அவளும் போயி மூணு வருஷம் ஆச்சு. மகராசி."

எழுத்தாணி மெழுகில் ஓடியது. அவ்வளவுதான். ஒரு பெண்ணின் வாழ்க்கை சீரழிய அந்த நேரம் போதுமானதாக இருந்தது.

மணியக்காரர் தலையைத் தூக்கினார். "தியோத்லிந்தாவா? ஆட்டுப்பட்டியில கெடந்தாளே, வாய்க்காரி, அவளா? அவ மடத்து அடிமையில்ல?"

கிஸ்லபெர்காவுக்கு அப்போதுதான் உறைத்தது. மாவுக் கையோடு வாசலுக்கு ஓடி வந்தாள். "ஐயோ சாமி, தப்பாச் சொல்லிட்டேன். அவ என்னை வளத்தவ. பெத்தவ வேற. எர்மன்பெர்கான்னு பேரு. அவ குடியானவ. என்னைப் பெத்த ஒம்பதாம் நாளே செத்துட்டா. மாத்தி எழுதுங்க."

மெழுகுதானே, கட்டைவிரலால் ஒரு தேய்ப்புத் தேய்த்தால் போய்விடும். ஓத்பெர்ட் விரலை வைக்கவில்லை. அவர் கெட்டவர் இல்லை. வழியில் வாத்துக்குஞ்சு கிடந்தால் சுற்றிக்கொண்டு போகிற ஆள். ஆனால் அவருக்கென்று சில நம்பிக்கைகள் இருந்தன.

"யோசிக்காமல் வருகிற முதல் வார்த்தையில்தான் உண்மை இருக்கும், மகளே. இரண்டாவது வார்த்தையைப் பயம் பேசும்," என்றார். "எழுதியது இருக்கட்டும். உனக்கு ஆட்சேபணை இருந்தால் நியாயசபையில் சொல்."

மணியக்காரர் அவள் தோளுக்கு மேலே வீட்டுக்குள் எட்டிப் பார்த்தார். உள்ளே அவள் மகள் ரகன்பெர்கா, பதினான்கு வயது, வெங்காயத்தாளை நறுக்கிக்கொண்டிருந்தாள். மணியக்காரர் அவள் விரல்களைப் பார்த்த விதம் கிஸ்லபெர்காவுக்குப் பிடிக்கவே இல்லை.

அதற்குக் காரணம் இருந்தது. இரண்டு நாள் நடைத் தொலைவில் மடத்துக்கு ஒரு நெசவுவீடு உண்டு. அடிமைப் பெண்களை அங்கே கொண்டுபோய் வைத்துத் துணி நெய்ய விடுவார்கள். போனவர்கள் திரும்பி வந்ததாக எங்கள் ஊரில் யாருக்கும் நினைவில்லை. குளிர் தொடங்குகிற மார்ட்டின் திருநாளுக்குள் நான்கு பெண்கள் அனுப்ப வேண்டும் என்று வுல்ஃபாருக்கு உத்தரவு வந்திருந்தது. மூன்று பேர் கிடைத்திருந்தார்கள். குடியான வீட்டுப் பெண்ணை அவரால் தொட முடியாது. அவள் மடத்துக்கு வாரத்தில் மூன்று நாள் உழைத்துவிட்டுத் தன் வீட்டில் தூங்குவாள். அடிமைப் பெண் என்றால் கழுத்தில் கயிறு போடாத குறையாக எங்கே வேண்டுமானாலும் ஓட்டிப்போகலாம்.

யார் குடி, யார் அடிமை என்பது தாய் வழி. அப்பன் யாராக இருந்தாலும் கணக்கில்லை. கிஸ்லபெர்காவின் கணவன் ரகனோல்த் மூன்று தலைமுறையாகக் குடியானவன். கொஞ்சம் நிலமும் ஒரு ஜோடி மாடும் இருந்தன. அவனால் என்ன பிரயோசனம்? மனைவி அடிமையென்றால் மகளும் அடிமை.

அன்று சாயங்காலம் அவன் ஏரை வாசலில் எறிந்துவிட்டு உள்ளே வந்தான்.

"ஊரே பேசுது. ஒத்த வார்த்தை. ஒரே ஒரு வார்த்தை. பெத்த உங்கம்மா பேரைச் சொல்லித் தொலைச்சிருக்கலாம்ல?"

"வாயில வரலீங்க."

"ஏன் வரல?"

"நான் ஒரு நாளும் அந்தப் பேரைச் சொன்னதில்லையே. நான் 'அம்மா'ன்னு கூப்பிட்டது ஒருத்தியத்தானே."

ரகனோல்த் தரையில் உட்கார்ந்தான். அவனுக்குப் பிறந்த நான்கு பிள்ளைகளில் மூன்றைத் தேவாலயத்துச் சுவரோரம் புதைத்திருந்தான். மிச்சமிருந்தது அந்த ஒன்றுதான். அதுவும் அடுப்படியில் நின்று இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தது.

கிஸ்லபெர்கா பிறந்த கதை இதுதான். எர்மன்பெர்கா குடியான வீட்டுப் பெண். அடிமையான கிஸ்லமாரை ஆசைப்பட்டுக் கட்டிக்கொண்டாள். ஊர் சிரிக்க வேண்டிய அளவுக்குச் சிரித்தது. பிள்ளை பெற்று ஒன்பதாம் நாள் ஜன்னி கண்டு போய்விட்டாள். குழந்தைக்குப் பேர் வைத்தது கிஸ்லமார். எங்கள் பக்கத்தில் பேர் வைப்பதற்குப் பெரிய மூளை வேண்டாம். அப்பன் பேரில் பாதி, அம்மா பேரில் பாதி, சேர்த்து ஒட்டினால் பேர் ஆயிற்று. தன் 'கிஸ்ல்'லையும் செத்தவளின் 'பெர்கா'வையும் ஒட்டினான். அதற்கு மேல் அவன் எதையும் யோசிக்கவில்லை. குழந்தை பாலுக்கு அழுதுகொண்டிருந்தது.

ஆட்டுப்பட்டியில் அதே வாரம் தியோத்லிந்தாவுக்குக் குழந்தை செத்துப் பிறந்திருந்தது. பால் கட்டி வலியில் கத்திக்கொண்டிருந்தவளிடம் கிஸ்லமார் குழந்தையைக் கொண்டுபோய்க் கொடுத்தான். அவள் வாங்கியவள் திருப்பிக் கொடுக்கவில்லை. பிள்ளையோடு சேர்ந்து அவன் வீட்டுக்கே வந்துவிட்டாள். இரண்டு வருஷம் கழித்து அவளுக்கு ஒரு மகன் பிறந்தான். தியோத்மார் என்று பேர்.

தியோத்லிந்தாவின் வாயைப் பற்றி இப்போதும் பேசுவார்கள். வண்டிக்காரனும் காதைப் பொத்திக்கொள்கிற மாதிரி திட்டுவாள். மூத்தவளைப் பார்த்து யாராவது "தாயில்லாப் பிள்ளை" என்று சொல்லிவிட்டால் கையில் அகப்பட்டதைத் தூக்கிக்கொண்டு துரத்துவாள். "நான் செத்தா போயிட்டேன்? எம் மவடா இவ, எம் மவ!" அப்படித் துரத்தித் துரத்தியே எர்மன்பெர்கா என்ற பேரை ஊர் வாயிலிருந்து ஒழித்துவிட்டாள். விஷயம் தெரிந்த கிழடுகள் காய்ச்சல் வந்த வருஷத்தில் வரிசையாகப் போய்ச் சேர்ந்தார்கள். ஞானஸ்நானம் கொடுத்த பாதிரியாரும் போனார். சத்தியம் செய்து சொல்ல ஓர் ஆள் மிச்சமில்லை. அந்த அன்புதான் பின்னால் சுருக்குக் கயிறாக வந்தது.

மறுநாள் கிஸ்லபெர்கா ஓக் காட்டுக்குப் போனாள். தம்பி தியோத்மார் அங்கேதான் மடத்துப் பன்றிகளை மேய்த்துக்கொண்டிருப்பான். அம்மா அடிமை, ஆகவே அவனும் அடிமை. அதில் அவனுக்குச் சந்தேகமே இருந்ததில்லை.

"என்னக்கா, மூஞ்சி வெந்த கோசு மாதிரி இருக்கு?"

அவள் சொல்லி முடித்தாள். அவன் கீழே விழுந்திருந்த காய்களைக் காலால் பன்றிகள் பக்கம் தள்ளிக்கொண்டே கேட்டான். பிறகு சட்டென்று நிமிர்ந்தான்.

"ஏக்கா, இதுக்குப் போயி அழுவுற? ஓம் பேருல எங்கம்மா இருக்காளா, தேடிப்பாரு."

"என்னடா சொல்ற?"

"கிஸ்ல், அது அப்பன். பெர்கா யாரு? எங்கம்மா பேருல தியோத்து இருக்கு, லிந்தா இருக்கு. பெர்கா எங்க இருக்கு? எம் பேரைப் பாரு. தியோத்து அம்மா, மாரு அப்பன். ஒழுங்கா ஒட்டியிருக்கு. நீ அவ வயித்துல பொறந்திருந்தா ஒனக்குப் பேரு கிஸ்லிந்தான்னு இருந்திருக்கும். இல்ல, தியோத்துல ஆரம்பிச்சிருக்கும். அந்தப் பெர்கா செத்தவ வெச்சிட்டுப் போனது. இதைச் சபையில சொல்லு. நானும் வந்து நிக்கிறேன். எம் பேரையும் பக்கத்துல வெச்சுப் பாக்கச் சொல்லு."

கிஸ்லபெர்கா அவனையே பார்த்தாள். பன்றி மேய்க்கிறவனுக்கு இருக்கிற புத்தி தனக்கு ராத்திரி முழுக்கத் தூங்காமல் கிடந்தும் வரவில்லையே என்று வெட்கமாக இருந்தது. பாரம் பாதி இறங்கியது போலிருந்தது. பிறகு இருவருக்கும் ஒரே நேரத்தில் இன்னொன்று தோன்றியது.

"அம்மா எனக்கு அம்மா இல்லேன்னு சொல்லணும்லடா."

அவன் விலகிப்போன பன்றி ஒன்றைக் கோலால் திருப்பிவிட்டான். "சொல்லு. அவ இருந்தா அவளே வந்து சொல்லியிருப்பா. ரகன்பெர்கா மேல உசுரையே வெச்சிருந்தாளே. சொல்லுக்கா, பரவால்ல."

புனிதர் எல்லோருக்குமான திருநாள் கழிந்த திங்கட்கிழமை மடத்து முற்றத்தில் சபை கூடியது. மழை தூறிக்கொண்டிருந்தது. வழக்குக் கேட்க வந்தவர் மடத்துக்காக நியாயம் பார்க்கிற ஒரு பெரிய மனிதர். குதிரையில் வந்திருந்தார், மதியச் சாப்பாட்டுக்கு முன் ஏழு வழக்கு முடிக்க வேண்டும். பக்கத்து ஆசனத்தில் ஓத்பெர்ட் சாமி. நடுவில் புனிதரின் எலும்பு வைத்த பேழை.

ஓத்பெர்ட்டை மடத்தில் 'பேர்ச்சாமி' என்றுதான் சொல்வார்கள், முகத்துக்கு நேராக இல்லை. இருபது வருஷமாக அவருக்கு ஒரே வேலை. ஊரில் வழங்குகிற பேர் ஒவ்வொன்றையும் எடுத்து, வெட்டி, உள்ளே என்ன பொருள் இருக்கிறது என்று எழுதுவார். பதினோரு ஆட்டுத்தோல் அதற்காகவே செலவாகியிருந்தது. மனிதனுக்குப் பேர் வைப்பது பெற்றவர்கள் அல்ல, அவர்கள் வாயைக் கொண்டு கடவுள் வைக்கிறார், ஆகவே பேரைப் பிரித்துப் பார்த்தால் ஆளின் தலைவிதி தெரியும் என்பது அவருடைய கட்சி. தூரத்து மடங்களிலிருந்தெல்லாம் ஆட்கள் வந்து கேட்டு எழுதிக்கொண்டு போவார்கள். எங்களுக்கு மட்டும் அவரிடம் கேட்க ஒன்றும் இருந்ததில்லை. எங்கள் பேர் எங்களுக்குத் தெரியும்.

கிஸ்லபெர்கா பேழைமேல் கை வைத்துச் சத்தியம் செய்தாள். தம்பி சொல்லிக்கொடுத்ததை ஒரு எழுத்துப் பிசகாமல் சொன்னாள். கிஸ்ல் அப்பன், பெர்கா அம்மா. "இதோ நிக்கிறான் எந்தம்பி. இவன் பேரைக் கேளுங்க. தியோத்து, மாரு. ஒரே வயித்துல பொறந்தா ரெண்டு பேருலயும் ஒரே தாயோட பாதி இருக்கணும்ல?"

கூட்டத்தில் "சரியாத்தானே சொல்றா" என்று முணுமுணுப்பு எழுந்தது. எங்கள் ஊரில் இதைவிடப் பெரிய அத்தாட்சி கிடையாது. பேரைக் கேட்டே யார் வீட்டுப் பிள்ளை என்று சொல்லிவிடுகிறவர்கள் நாங்கள்.

மணியக்காரர் வுல்ஃபார் சிரித்துக்கொண்டே முன்னால் வந்தார். "பெர்காதானே? இந்த முத்தத்துல ஒரு கல்லை எறிஞ்சா எத்தனை பெர்கா மேல விழும்? என் பொண்டாட்டியும் பெர்கா, எங்க மாட்டுக்காரியும் பெர்கா. சரி, நான் ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். தியோத்லிந்தா செத்தப்ப நீ மண்ணுல விழுந்து பொரண்டு 'அம்மா, அம்மா'ன்னு கத்துனியே. ஊரே பாத்துச்சு. அது யாருக்காகக் கத்துன?"

"வளத்தவங்களுக்காக."

"சாமி கேட்டப்ப மொத வார்த்தை யாரு பேரு வந்துச்சு?"

நியாயம் பார்ப்பவர் சலிப்போடு கேட்டார். "தெளிவாச் சொல்லும்மா. அந்தத் தியோத்லிந்தா உனக்கு அம்மாவா, இல்லையா? உனக்கும் அவளுக்கும் என்ன உறவு?"

கிஸ்லபெர்கா கூட்டத்தில் நின்ற மகளைப் பார்த்தாள். கரையேறும் கயிறு தன் கைக்கு எட்டும் தூரத்தில் இருப்பதாகவும், இன்னும் கொஞ்சம் எட்டிப் பிடித்தால் போதும் என்றும் அவளுக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

"ஒரு உறவும் இல்லீங்க," என்றாள். "எங்கப்பன் வெச்சிருந்த அடிமைப் பொம்பள. பால் குடுத்தா, கூலிக்கு மாதிரி. அவ எனக்கு யாருமே இல்ல."

அதைச் சொல்லத் தேவையே இருக்கவில்லை. பேர்க்கணக்கே போதுமாக இருந்தது. பக்கத்தில் நின்ற தியோத்மார் தன் தொப்பியைக் கையில் பிடித்திருந்தான். அதை இன்னும் இறுக்கிப் பிடித்தான், அவ்வளவுதான்.

நியாயம் பார்ப்பவர் ஓத்பெர்ட் பக்கம் திரும்பினார். "பேரை வைத்து வழக்காடுகிறாள். பேருக்கு நீங்கள்தானே. என்ன சொல்கிறீர்கள்?"

ஓத்பெர்ட்டின் முகம் மலர்ந்தது. இருபது வருஷத்தில் முதல் தடவையாக நியாயசபை அவருடைய படிப்பைக் கேட்கிறது. எழுந்து நின்றார்.

"பேரில் உண்மை இருக்கிறது என்று இந்தப் பெண் சொல்வது மிகச் சரி. ஆனால் எங்கே தேட வேண்டும் என்று அவளுக்குத் தெரியவில்லை. ஒலியை ஒட்டிப் பார்ப்பது குழந்தை விளையாட்டு. பொருளைப் பார்க்க வேண்டும். கிஸ்ல் என்பது பழைய சொல். பிணை என்று அர்த்தம், ஒருவன் கையில் ஒப்படைக்கப்பட்ட ஆள். பெர்க் என்றால் காப்பு, பத்திரமாக வைத்திருப்பது. இரண்டையும் சேர்த்தால், பிணையாகப் பிடித்து வைக்கப்பட்டவள். குடியான பெண்ணுக்குக் கடவுள் இப்படி ஒரு பேரை அனுப்புவாரா? இது அடிமையின் பேர். இதைவிடத் தெளிவாக எழுத முடியாது."

இருபது தலைமுறை இந்தப் பேரை வாயில் வைத்திருந்தும் இப்படி ஒன்று உள்ளே இருப்பது எங்களில் ஒருவருக்கும் தெரியாது. கிஸ்லபெர்கா தன் பேரை முதல் தடவை கேட்பவள் போல நின்றாள்.

ஆனாலும் அவள் தியோத்லிந்தாவின் பாலைக் குடித்தவள். வாய் வந்துவிட்டது.

"அப்ப எந்தம்பி பேருக்கு என்ன சாமி அர்த்தம்?"

"தியோத், மக்கள். மார், புகழ். மக்களெல்லாம் புகழும் மனிதன்."

"இவன் பன்னி மேய்க்கிறான் சாமி!"

கூட்டம் வெடித்துச் சிரித்தது. நியாயம் பார்ப்பவரும் சிரித்துவிட்டார். அந்த ஒரு நொடியில் அவள் ஜெயித்துவிட்டாள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். தியோத்மார் மட்டும் சிரிக்கவில்லை.

ஓத்பெர்ட் கோபப்படவில்லை. சிரிப்பு அடங்கும் வரை காத்திருந்தார். "அது கடவுள் கொடுத்த வாக்கு," என்றார் மெதுவாக. "இன்னும் நிறைவேறவில்லை. மறுமையில் நிறைவேறலாம். உன்னுடையது நிறைவேறிவிட்டது, மகளே."

நியாயம் பார்ப்பவர் தலையை ஆட்டினார். படித்தவர் சொல்லிவிட்டார், மேலே மழை வலுத்துக்கொண்டிருந்தது, இன்னும் ஐந்து வழக்கு பாக்கி. முதல் வாக்கும் அடிமை என்கிறது, பேரும் அடிமை என்கிறது என்று தீர்ப்புச் சொன்னார். பொய்ச் சத்தியம் செய்ததற்கு வேறு தண்டனை வேண்டாம், தாய்ப்பாசத்தில் செய்தாள் என்று பெரிய மனதோடு விட்டுவிட்டார்.

மார்ட்டின் திருநாளுக்கு முந்தின நாள், ஊரில் பன்றி வெட்டிக்கொண்டிருந்த காலை நேரத்தில், வண்டி வந்தது. மற்ற மூன்று பெண்களும் ஏற்கெனவே உள்ளே இருந்தார்கள். ரகன்பெர்கா அழவில்லை. "அம்மா, அடுப்பு மேல கஞ்சி இருக்கு, பொங்கிடும்," என்றாள் ஏறும்போது. ரகனோல்த் வண்டிக்குப் பின்னாலேயே பாலம் வரை போனான். திரும்பி வந்தவன் மாட்டைப் பூட்டிக்கொண்டு உழப் போய்விட்டான். அதற்குப் பிறகு அவன் அவளிடம் கேட்டதெல்லாம் ரொட்டி, உப்பு, விறகு. குடியானவன் அடிமையோடு வாழ்கிறான் என்று ஊர் சொல்லும்போது தலையைக் குனிந்துகொள்வான்.

தியோத்மார் வரவில்லை. முன்பெல்லாம் வாரம் ஒரு தடவையாவது வந்து அடுப்போரம் உட்கார்ந்து அக்காளை வம்புக்கு இழுத்துவிட்டுப் போவான். கிஸ்லபெர்கா பனியில் அவனைத் தேடிக் காட்டுக்குப் போனாள்.

"டேய், என் மேல கோவமா?"

"கோவமெல்லாம் இல்லக்கா."

"நீதானடா சொல்லச் சொன்ன."

"அம்மா இல்லேன்னு சொல்லச் சொன்னேன். கூலிக்குப் பால் குடுத்தான்னு சொல்லச் சொல்லல." அவன் பன்றிகளைப் பார்த்துக்கொண்டே பேசினான். "அவ தனக்கு ரொட்டி இல்லாம ஒனக்குக் குடுத்ததை நான் பாத்திருக்கேன். எனக்குக் கூடக் குடுக்காம ஒனக்குக் குடுத்திருக்கா. நான் ஒரு நாளு கேட்டிருக்கேனா?"

அவள் அவன் தோளைத் தொட்டாள். அவன் விலகவில்லை, திரும்பவும் இல்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு அவள் வீட்டுக்கு வந்தாள். அவன் அடுப்போரம் மறுபடி வந்து உட்காரவே இல்லை.

தவக்காலம் தொடங்கின வாரம் ஓத்பெர்ட் மறுபடி வந்தார். இந்தத் தடவை பலகை இல்லை, நல்ல தோலில் சிவப்பு மையும் கறுப்பு மையுமாக எழுதியிருந்தது. ஒவ்வோர் அடுப்பிலும் படித்துக்காட்டிச் சரிபார்க்க வேண்டும்.

"கிஸ்லபெர்கா, அடிமை, தியோத்லிந்தாவின் மகள். கணவன் ரகனோல்த், குடி. பிள்ளை ஒன்று, பேர் ரகன்பெர்கா, நெசவுவீட்டில் இருக்கிறாள். சரிதானே?"

தியோத்லிந்தாவின் மகள் என்று காதில் விழுந்ததும் அவள் அந்தத் தோலையே பார்த்தாள். சபையில் வேண்டாம் என்று வீசியவளை இந்தத் தோல் திருப்பிக் கொடுத்திருக்கிறது. அந்த வார்த்தையை எத்தனையோ வருஷம் இலவசமாகவே வைத்திருந்தாள். இப்போது அதற்கு மகளை விலையாக வாங்கிக்கொண்டுவிட்டார்கள்.

"சரிங்க சாமி," என்றாள். பிறகு, "எம் மக பேருக்கு என்ன அர்த்தம்?" என்று கேட்டாள்.

ஓத்பெர்ட்டுக்குச் சந்தோஷம். ஊர்க்காரி ஒருத்தி தானாக வந்து கேட்கிறாள். "அருமையான பேர். ரகன் என்றால் நல்லாலோசனை. பெர்க் உனக்குத்தான் தெரியுமே. நல்ல அறிவால் பாதுகாக்கப்படுகிறவள்."

"யாரு சாமி அவளைப் பாதுகாக்கறது?"

அவர் கொஞ்சம் யோசித்தார். "மடம்தான், மகளே," என்றார். சத்தியமாக நம்பித்தான் சொன்னார். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. தோலைச் சுருட்டிக்கொண்டு அடுத்த அடுப்புக்குப் போனார்.

பாஸ்காத் திருநாள் முடிந்ததும் கிஸ்லபெர்கா மணியக்காரர் வீட்டு வாசலில் மூன்று நாள் நின்றாள். இப்போது அவள் வெளியூர் போக உத்தரவு வேண்டும். மூன்றாம் நாள் வுல்ஃபாரின் மனைவிதான் இரக்கப்பட்டு, "போயிட்டு வரட்டும் விடுங்க, மூஞ்சியைப் பாக்கச் சகிக்கல," என்றாள். நான்கு நாள் கொடுத்தார்கள், போக இரண்டு, வர இரண்டு. அவள் ஒரு ரொட்டியும் ஆட்டுப்பால் கட்டியும் துணியில் முடிந்துகொண்டு நடந்தாள்.

நெசவுவீடு முள்வேலிக்குள் இருந்தது. பாதி தரைக்குக் கீழே தோண்டிக் கட்டிய நீளமான கொட்டகை. ஈரக் கம்பளி நாற்றம் வேலிக்கு வெளியிலேயே அடித்தது. வாசலில் ஒரு தடித்த பெண் கோலோடு உட்கார்ந்திருந்தாள்.

"யாரைப் பாக்கணும்?"

"எம் மவளைப் பாக்கணுங்க. ரகன்பெர்கா. மார்ட்டின் திருநாளுக்கு வந்தவ."

"பெர்காவா!" அவள் சிரித்தாள். "இங்க ஒம்பது பெர்கா கெடக்கு. ஒண்ணைக் கூப்பிட்டா ஒம்பதும் கையை விட்டுட்டுத் திரும்புது. அதனால பேரெல்லாம் எடுத்தாச்சு. எந்தத் தறி?"

"தெரியாதுங்க."

"தறி தெரியாம எப்படிக் கூப்பிடுறது? சரி, வா, பொந்துல நின்னு பாத்துக்க. உள்ள போவக் கூடாது. சீக்கிரம்."

சுவரில் ஒரு முழ அகலத்துக்குத் திறப்பு இருந்தது. கிஸ்லபெர்கா குனிந்து பார்த்தாள். உள்ளே இருட்டு. நிற்கவைத்த தறிகள் வரிசையாக இருந்தன, ஒவ்வொன்றின் முன்னும் ஒரு முதுகு. எல்லாத் தலையிலும் ஒரே சாம்பல் துணி. எல்லா முதுகும் ஒரே மாதிரி வளைந்திருந்தன. பதினான்கு வருஷம் தூக்கி வளர்த்த உடம்பு எது என்று அவளுக்குத் தெரியவில்லை.

"ரகன்பெர்கா!" என்று கூப்பிட்டாள்.

ஒரு முதுகும் அசையவில்லை. பாவு நூலில் கட்டித் தொங்கவிட்ட கற்கள் ஒன்றோடொன்று மோதும் சத்தம் மட்டும் கேட்டது.

"ரகன்பெர்கா! அம்மாடி! நாந்தான்டி!"

காவல்காரி அவள் தோளைப் பிடித்து இழுத்தாள். "கத்தாத. பழைய பேருக்குத் திரும்புனா மூணு அடி. அவ காதுல விழுந்துதான் இருக்கும், பயத்துல நிக்கிறா. இன்னொரு தடவை நீ கூப்பிட்டு அவ திரும்பிட்டான்னா அடி அவளுக்குத்தான். தறியைச் சொல்லு."

கிஸ்லபெர்கா வாயை மூடிக்கொண்டாள். பிறகு ஓரத்திலிருந்து எண்ணத் தொடங்கினாள்.

"மொதத் தறி."

ஒரு கிழவி திரும்பிப் பார்த்தாள். இல்லை.

"ரெண்டாந்தறி."

யாரோ ஒருத்தி, ஒரு கண் வெள்ளை விழுந்தவள்.

"மூணாந்தறி."

மூன்றாவது முதுகு திரும்பியது. முகம் பாதியாகச் சுருங்கியிருந்தது, உதடு வெடித்திருந்தது. கண்ணை வெளிச்சத்துக்குச் சுருக்கிக்கொண்டு, கூப்பிட்டது யார் என்று பார்க்கத் துணியாமல், காவல்காரி பக்கம் பார்த்துத் தலையைக் குனிந்தாள்.

கிஸ்லபெர்கா முடிச்சை அவிழ்த்து ரொட்டியைத் திறப்புக்குள் நீட்டினாள். மகளுக்கு அது யாருடைய கை என்று தெரிந்துவிட்டது. ஆனால் உத்தரவில்லாமல் நகரப் பயந்து நின்ற இடத்திலேயே நின்றாள். காவல்காரி கோலைத் தரையில் தட்டினாள்.

"மூணாந்தறி," என்றாள் கிஸ்லபெர்கா மறுபடியும். "வா, மூணாந்தறி. வந்து வாங்கிக்க."